மனநல வார்டுக்குள் கேமரா: எந்த வழியில் எடுப்பது?

மனநல மருத்துவமனையைப் பற்றி ஆவணப்படம் எடுக்க நினைப்பவர்கள் முதலில் கதைச் சுருக்கம் எழுதுகிறார்கள், அப்புறம் செலவுக் கணக்குப் போடுகிறார்கள், அப்புறம் அனுமதிக் கடிதத்தோடு அலைகிறார்கள். இதற்கெல்லாம் முன்னால் முடிவு செய்ய வேண்டிய விஷயம் ஒன்று இருக்கிறது. கேமரா அங்கே யாராக இருக்கப் போகிறது? ஓரமாக நின்று பேசாமல் பார்க்கும் ஆளா, எதிரே உட்கார்ந்து பேசும் ஆளா, கூடவே பழகிக் கலந்துவிடும் ஆளா, விசாரணை அறையின் மூலையில் அசையாமல் நிற்கும் சாட்சியா? இந்த நான்கு வழியிலும் முக்கியமான படங்கள் வந்திருக்கின்றன. எந்தப் படம் சிறந்தது என்பது இங்கே என் கேள்வி இல்லை. படம் பிடிக்கப்படும் நோயாளி எந்த வழியில் "வேண்டாம்" என்று சொல்ல முடிகிறது, எதில் முடியவில்லை என்பதை வைத்துத்தான் இவற்றை ஒப்பிடுகிறேன். பாணியை அதற்கு அப்புறம் தேர்ந்தெடுத்தால் போதும்.

முதலில் வர வேண்டியது அமெரிக்க இயக்குநர் ஃபிரெடெரிக் வைஸ்மனின் 'டிட்டிகட் ஃபாலீஸ்'. அமெரிக்காவில் மாசசூசெட்ஸ் மாநிலத்தின் பிரிட்ஜ்வாட்டரில், குற்ற வழக்குகளில் சிக்கிய மனநோயாளிகளை அடைத்து வைத்திருந்த அரசு மருத்துவமனையில் 1966இல் எடுத்த படம். 1967இல் திரைக்கு வந்தது. கறுப்பு வெள்ளை. பின்னணிக் குரல் இல்லை, பேட்டி இல்லை. ஜான் மார்ஷல் கேமராவைப் பிடிக்க, வைஸ்மனே ஒலியைப் பதிவு செய்தார். பார், கேள், வெட்டி ஒட்டு. அவ்வளவுதான் அவருடைய முறை.

அதில் ஒரு காட்சி. ஒரு நோயாளியை நிர்வாணமாகவே அறையிலிருந்து கூட்டிவந்து முகச்சவரம் செய்கிறார்கள். காவலர்கள் அவரிடம் ஒரே கேள்வியைத் திரும்பத் திரும்பக் கேட்கிறார்கள்: உன் ரூம் எப்படி இருக்கு? அவர் பதில் சொல்கிறார். காதில் விழாததுபோல மறுபடியும் அதே கேள்வி. அவர் கத்துகிறார். கத்தினாலும் அதே கேள்வி. வாயோரம் ரத்தம் தெரிகிறது. கடைசியில் ஒன்றுமே இல்லாத அறைக்குள் விட்டுக் கதவைப் பூட்டுகிறார்கள், அவர் தரையில் காலை ஓங்கி மிதித்துக்கொண்டு நடக்கிறார். ஒரு மனிதனை இப்படியும் உடைக்கலாம் என்பதை எந்த அறிக்கையாலும் இவ்வளவு தெளிவாகச் சொல்லியிருக்க முடியாது.

இன்னொரு காட்சியில், சாப்பிட மறுக்கும் ஒருவருக்கு மூக்கு வழியாகக் குழாய் விட்டு உணவு ஊற்றுகிறார்கள். ஊற்றும் டாக்டரின் வாயில் சிகரெட். சாம்பல் நீண்டு புனலுக்கு மேலே தொங்குகிறது. இதற்கு இடையிடையே, அதே மனிதர் இறந்த பிறகு அவர் சடலத்துக்கு முகம் மழித்துத் தயார் செய்யும் காட்சியை வைஸ்மன் வெட்டி வெட்டிச் சேர்த்திருக்கிறார். உயிரோடு இருந்தபோது கிடைக்காத பக்குவம் செத்த பிறகு கிடைக்கிறது என்பது சொல்லாமலே புரிகிறது. அந்த வெட்டு கொஞ்சம் ஓங்கி அடித்ததுபோல இருப்பதாக வைஸ்மனே பிற்காலத்தில் சொன்னார். எனக்கும் அப்படித்தான் படுகிறது. குழாய்க் காட்சி மட்டுமே போதும். எடிட்டிங்கில் நாம் குரலை உயர்த்தினால் நோயாளியின் குரல் கேட்காமல் போகிறது.

படம் வந்ததும் மாநில அரசு நீதிமன்றத்துக்குப் போனது. நோயாளிகளின் அந்தரங்கம் மீறப்பட்டது, அவர்களில் பலர் சம்மதம் கொடுக்கும் நிலையிலேயே இல்லை, படத்துக்கு இறுதி ஒப்புதல் தர வேண்டியது நாங்கள்தான் என்பது அரசின் வாதம். 1968இல் நீதிபதி படத்தை அழித்துவிடச் சொன்னார். 1969இல் மாநில உச்ச நீதிமன்றம் அதைத் தளர்த்தி, மருத்துவர், வழக்கறிஞர், நீதிபதி, சமூகப் பணியாளர், இந்தத் துறைகளில் படிக்கும் மாணவர் போன்றோருக்கு மட்டும் காட்டலாம் என்றது. பொதுமக்கள் பார்க்கலாம் என்று தீர்ப்பு வந்தது 1991இல்தான்.

அரசு தன் மானத்தைக் காப்பாற்றிக்கொள்ளவே நோயாளிகளின் அந்தரங்கத்தைக் கேடயமாகப் பிடித்தது என்பதில் எனக்குச் சந்தேகமில்லை. அந்த அந்தரங்கத்தின் மேல் அவ்வளவு அக்கறை இருந்திருந்தால் அந்த மனிதருக்கு முதலில் ஒரு துணியைக் கொடுத்திருப்பார்கள். அமெரிக்காவில் இது முதல் தடவையும் இல்லை. ஜான் ஹூஸ்டன் அமெரிக்க ராணுவத்துக்காகவே, போரில் மனம் உடைந்த சிப்பாய்களைப் பற்றி எடுத்த 'லெட் தேர் பி லைட்' 1946இல் இதே அந்தரங்கக் காரணத்தைச் சொல்லித்தான் முடக்கப்பட்டது. 1980 கடைசியில்தான் அது வெளியே வந்தது. நடுவில் ராணுவம் அதே விஷயத்தை நடிகர்களை வைத்து வேறு படமாகவும் எடுத்துக்கொண்டது.

ஆனாலும் அரசு கேட்ட கேள்வி, கேட்டவரின் நோக்கத்தோடு சேர்ந்து செத்துப் போவதில்லை. நிர்வாணமாக நின்ற அந்த மனிதர் தன்னை இன்னும் பல ஆண்டுகளுக்கு முன்பின் தெரியாதவர்கள் பார்க்கப் போகிறார்கள் என்பதை அறிந்திருந்தாரா? மருத்துவமனைக் கண்காணிப்பாளரின் அனுமதி இருந்தது. அந்த அனுமதி நோயாளியின் உடம்புக்கும் சேர்த்துத்தானா? வைஸ்மன் வழியின் அடிப்படைச் சிக்கல் இது. யாரைக் குற்றம் சாட்டப் போகிறோமோ அவரிடமிருந்தே அனுமதி வாங்குகிறோம். யாருக்காகப் பேசப் போகிறோமோ அவரிடம் கேட்க வழியில்லாமல் போகிறது.

ஆகவே இந்த வழியை நான் தள்ளிவைக்கவில்லை, ஒரு நிபந்தனை போடுகிறேன். உள்ளே கொடுமை நடக்கிறது, அதை வெளியே சொல்ல உள்ளிருப்பவர்களுக்கு வேறு வழியே இல்லை என்றால் மட்டும் இதை எடுக்கலாம். அப்போதும் கேமரா ஊழியரின் செயல்மேல் நிற்க வேண்டும், நோயாளியின் நடத்தைமேல் நிற்கக் கூடாது. மேலே சொன்ன சவரக் காட்சி உண்மையில் காவலர்களைப் பற்றியது. அதே படத்தில், மூலையில் யாரோ தனக்குத்தானே பேசிக்கொண்டிருப்பதை எட்டிப் பார்க்கும் ஷாட்டுகளும் உண்டு. அவற்றை அவ்வளவு உறுதியாக என்னால் நியாயப்படுத்த முடியாது. இன்று இந்த மாதிரி எடுக்கப் போகிறவர்கள் பெரும்பாலும் இரண்டாவது வகையை எடுத்துவிட்டு முதல் வகையின் பெயரைச் சொல்கிறார்கள்.

இதே வழியின் இன்னொரு எல்லை, சீன இயக்குநர் வாங் பிங் 2013இல் வெளியிட்ட 'டில் மேட்னெஸ் டூ அஸ் பார்ட்'. யுன்னான் மாகாணத்தில் உள்ள மருத்துவமனை ஒன்றின் ஒரு மாடி. முற்றத்தைச் சுற்றிக் கம்பி போட்ட வராந்தா. கிட்டத்தட்ட நான்கு மணி நேரம் நாமும் அந்த வராந்தாவிலேயே சுற்றி வருகிறோம். ஒருவர் திடீரென்று ஓட ஆரம்பிக்கிறார், கேமராவும் பின்னாலேயே ஓடுகிறது. ஒரு ஆண், கீழ்த்தளத்துப் பெண்ணோடு பூட்டிய கம்பிக் கதவுக்கு இடையே கைவிட்டுக் கொஞ்சுகிறார். ஒவ்வொருவருடைய பெயரும் அவர் அங்கே எத்தனை ஆண்டாக இருக்கிறார் என்பதும் திரையில் எழுத்தாக வருகின்றன. நோய் என்ன என்று வருவதில்லை. யார் உண்மையிலேயே நோயாளி, யாரைக் குடும்பமோ போலீசோ கொண்டுவந்து விட்டுப் போனது என்று பார்ப்பவருக்குத் தெரியாது. அந்தத் தெரியாமைதான் படம். நேரத்தையே வாதமாக வைக்கும் இந்த முறைக்கு நான் தலைவணங்குகிறேன். ஆனால் முதல் படம் எடுக்கிறவர் இதைத் தேர்ந்தெடுக்கக் கூடாது. நீளத்தைத் தாங்கும் கண் இல்லாவிட்டால் மிஞ்சுவது வேடிக்கை பார்த்தல்தான்.

இனி எதிர்ப்பக்கம். கசுஹிரோ சோடா என்ற ஜப்பானிய இயக்குநரின் 'மென்டல்', 2008. ஒகயாமா நகரில் டாக்டர் மசடோமோ யமமோட்டோ நடத்திய சிறிய வெளிநோயாளி மருத்துவ இல்லம்தான் களம். பழைய வீடு, காத்திருக்கும் அறையில் ஆட்கள் பாயில் படுத்திருக்கிறார்கள், புகை பிடிக்கிறார்கள், அரட்டை அடிக்கிறார்கள். சோடாவும் பின்னணிக் குரல் வைப்பதில்லை, இசை சேர்ப்பதில்லை. அந்த அளவில் வைஸ்மனின் வழியில் வந்தவர்தான். ஆனால் இரண்டு விஷயங்களில் அவர் பாதை மாறுகிறது. ஒன்று, அங்கே வருபவர்களிடம் படம் எடுக்கலாமா என்று ஒவ்வொருவராகக் கேட்டார். பெரும்பாலானோர் முடியாது என்றார்கள். சம்மதித்த சிலரை வைத்தே படம் எடுத்தார். இரண்டு, சம்மதித்தவர்களின் முகத்தை மொசைக் போட்டு மறைக்கவில்லை.

ஜப்பானியத் தொலைக்காட்சியில் மனநோயாளி என்றால் முகத்தை மறைப்பது வழக்கம். நம் செய்திச் சேனல்களும் அப்படித்தான். மறைத்தால் பாதுகாப்பு என்று நினைக்கிறோம். மறைத்த முகம் பார்ப்பவருக்கு என்ன சொல்கிறது என்று யோசிப்பதில்லை. குற்றவாளியையும் அப்படித்தான் மறைக்கிறோம். முகத்தை மறைப்பது பேசுபவருக்கும் பார்ப்பவருக்கும் நடுவே சுவர் எழுப்புகிறது என்பது சோடாவின் நிலைப்பாடு. படத்தைப் பார்த்தால் அவர் பக்கம் நியாயம் இருப்பது தெரிகிறது. ஒருவர் தன் நோயைப் பற்றிச் சொல்லும்போது கண்ணில் வரும் கூச்சம், இடையில் சட்டென்று வரும் சிரிப்பு, சொல்லலாமா வேண்டாமா என்று நிறுத்தும் அந்த நொடி, இதெல்லாம் முகம் இல்லாமல் வராது.

ஆனால் இந்த வழியிலும் ஆபத்து உண்டு. வேறு மாதிரி ஆபத்து. படத்தில் ஒரு பெண், மிக இளம் வயதில் தாயாகித் துணையில்லாமல் தவித்த நாட்களில் தன் கைக்குழந்தை தன்னாலேயே இறந்துபோனதைக் கேமராவைப் பார்த்துச் சொல்கிறார். சம்மதத்தோடுதான் சொல்கிறார். யாரும் அவரை நெருக்கவில்லை. இருந்தாலும், பேச ஒரு காது கிடைத்த மனநிலையில் மனிதர்கள் நாளைக்கு வருத்தப்படக்கூடிய விஷயங்களையும் சொல்லிவிடுகிறார்கள். வைஸ்மன் படத்து நோயாளியிடம் யாரும் கேட்கவில்லை. சோடா படத்துப் பெண் தானாகவே கொடுத்தார், ஆனால் கொடுத்ததைத் திரும்ப வாங்கிக்கொள்ள முடியுமா என்பது அங்கேயும் கேள்விதான். படம் முடியும் இடத்தில், வெளிவருவதற்குள் இறந்துபோன மூன்று நோயாளிகளின் முகங்கள் நினைவஞ்சலியாக வருகின்றன. அவர்களிடம் இனி யாரும் எதையும் கேட்க முடியாது.

மூன்றாவது வழி பிரெஞ்சு இயக்குநர் நிக்கோலா ஃபிலிபெர் காட்டியது. 1995 கோடையில் அவர் லா போர்ட் என்ற மனநல மருத்துவமனைக்குப் போனார். 1953இல் ழான் ஊரி என்ற மருத்துவர் தொடங்கியது, தத்துவவாதி ஃபெலிக்ஸ் குவத்தாரி நீண்ட காலம் வேலை பார்த்த இடம். அங்கே யாருக்கும் சீருடை இல்லை. ஒவ்வொரு கோடையிலும் நோயாளிகளும் ஊழியர்களும் சேர்ந்து ஒரு நாடகம் போடுவார்கள். அந்த வருடம் போலந்து எழுத்தாளர் கோம்ப்ரோவிச்சின் 'ஒபரெட்டா'. அந்த ஒத்திகைகள்தான் 1996இல் வந்த 'எவ்ரி லிட்டில் திங்' படத்தின் முதுகெலும்பு.

இது ஏன் புத்திசாலித்தனமான தேர்வு என்று பாருங்கள். நாடகத்தில் நடிக்கிறவர் தன்னை மற்றவர்கள் பார்க்க வேண்டும் என்று தானே முன்வந்தவர். கேமராவுக்கு முன்னாலேயே அவருக்குப் பார்வையாளர்கள் உண்டு. வசனத்தை மறந்து தடுமாறினால் அது நோயின் அறிகுறியாகத் தெரிவதில்லை, ஒத்திகையில் யாருக்கும் நடப்பதாகத் தெரிகிறது. மருந்தால் நடுங்கும் கை கூட, தாளத்தைப் பிடிக்க முயலும் கையாக இருக்கிறது. யார் நோயாளி, யார் நர்ஸ் என்று பல இடங்களில் நமக்குப் பிடிபடாது, ஃபிலிபெர் சொல்லவும் மாட்டார். கடைசியில் ஒரு நோயாளி கேமராவைப் பார்த்து, இங்கே நாங்கள் எங்களுக்குள் இருக்கிறோம், இப்போது நீங்களும் எங்களுக்குள் வந்துவிட்டீர்கள் என்கிற பொருளில் ஒரு வார்த்தை சொல்கிறார். ஒரு ஆவணப்பட இயக்குநருக்கு இதைவிடப் பெரிய சான்றிதழ் கிடைக்காது.

பல ஆண்டுகள் கழித்து அவர் அதே உலகத்துக்குத் திரும்பினார். பாரிஸில் செய்ன் ஆற்றின் மேல் மிதக்கும் மரக் கட்டடம் ஒன்றில் 2010 முதல் இயங்கும் பகல்நேர மனநல மையத்தைப் பற்றிய 'ஆன் தி அடமன்ட்' 2023இல் பெர்லின் விழாவில் தங்கக் கரடி விருது வாங்கியது. அங்கே வருபவர்களே காபிக் கடை நடத்துகிறார்கள், கணக்குப் பார்க்கிறார்கள், வரைகிறார்கள், பாடுகிறார்கள். படம் ஒருவர் உயிரைக் கொடுத்து ராக் பாட்டுப் பாடுவதில்தான் தொடங்குகிறது. ஃபிலிபெர் மேல் எனக்கு ஒரு குறை உண்டு. இந்த மையம் அருமையான மையம். அருமையான மையத்தை மட்டும் காட்டினால் பூட்டிய வார்டுகளை யார் காட்டுவது? அவருக்கும் இது உறுத்தியிருக்க வேண்டும் என்று நினைக்கிறேன், ஏனென்றால் அடுத்த வருடமே வந்த 'அவெரோயெஸ் அண்ட் ரோசா பார்க்ஸ்' படத்தில் அதே சூழலைச் சேர்ந்தவர்களை மருத்துவமனைக்குள்ளேயே போய்ப் பார்க்கிறார். அங்கே டாக்டரும் நோயாளியும் எதிரெதிரே உட்கார்ந்து நீண்ட நேரம் பேசுகிறார்கள், பாட்டு இல்லை. இரண்டையும் சேர்த்துப் பார்த்தால்தான் நியாயம்.

நான்காவது வழியை ரேமோன் தெபார்தோன் 2017இல் எடுத்த '12 டேஸ்' படத்தில் பார்க்கலாம். பிரான்சில் ஒருவரை அவர் விருப்பத்துக்கு மாறாக மனநல மருத்துவமனையில் சேர்த்தால், 12 நாளுக்குள் ஒரு நீதிபதி அவரை நேரில் பார்த்தாக வேண்டும் என்பது 2013இல் வந்த சட்டத் திருத்தம். லியோன் நகரத்து மருத்துவமனையில் நடந்த அந்த விசாரணைகள்தான் படம். நோயாளிமேல் ஒரு கேமரா, நீதிபதிமேல் ஒன்று, அறை முழுவதற்கும் ஒன்று. எதுவும் யாரையும் துரத்துவதில்லை. நோயாளிகளின் பெயர்கள் மாற்றப்பட்டிருக்கின்றன.

நோயாளிக்கும் நீதிபதிக்கும் ஒரே அளவு சட்டகம், ஒரே உயரம். வெளியே போக வேண்டும் என்று கேட்பவரும், முடியாது என்று சொல்பவரும் திரையில் சமம். அதிகாரம் எங்கே இருக்கிறது என்பது அதனாலேயே பளிச்சென்று தெரிகிறது. படத்தில் ஒருவர் மிக அமைதியாகப் பேசுகிறார், தன் அப்பாவிடம் தான் நலமாக இருப்பதாகச் சொல்லச் சொல்கிறார். அவர் அறையை விட்டுப் போன பிறகுதான், அந்த அப்பாவைக் கொன்றவரே அவர்தான் என்பது நமக்குத் தெரிகிறது. இந்த இடத்தில் நான் தடுமாறினேன். அவரிடம் எனக்கு வந்த பரிவு பொய்யில்லை, அப்புறம் வந்த அதிர்ச்சியும் பொய்யில்லை. ஆனால் அந்தத் தகவல் வந்து விழும் விதத்தில் ஒரு திருப்பத்தின் சுவை இருக்கிறது. நோயாளியின் வாழ்க்கையில் நடந்த பேரழிவு, கதைக்குத் திருப்பமாகப் பயன்பட்டுவிடக் கூடாது. நானாக இருந்தால் அதை அவர் உள்ளே வருவதற்கு முன்பே சொல்லியிருப்பேன்.

சரி, நம் ஊரில் ஒருவர் கேமராவோடு கிளம்பினால் இவற்றில் எதை எடுப்பது?

முதலில் சட்டம். 2017ஆம் ஆண்டின் மனநலப் பராமரிப்புச் சட்டத்தின் 24வது பிரிவு, மனநல நிலையத்தில் சிகிச்சை பெறுபவரின் புகைப்படத்தையோ அவரைப் பற்றிய வேறு தகவலையோ அவருடைய சம்மதம் இல்லாமல் ஊடகத்துக்குத் தரக் கூடாது என்கிறது. அவருடைய சம்மதம் என்பதைக் கவனியுங்கள். கண்காணிப்பாளர் கையெழுத்தும், இயக்குநரகத்தின் கடிதமும் உங்களைக் கேட் வரைதான் கொண்டுபோகும். வைஸ்மன் வழி இங்கே அப்படியே செல்லாது, செல்லவும் கூடாது என்பேன். அதே சட்டத்தில் படம் எடுப்பவர்கள் படிக்க வேண்டிய வேறு பிரிவுகளும் உண்டு. யாரையும் கட்டாயமாக மொட்டை அடிக்கக் கூடாது, சொந்த உடை உடுத்த விரும்புபவரைச் சீருடை போடச் சொல்லக் கூடாது, எந்த வகையிலும் சங்கிலியால் கட்டக் கூடாது என்று அது சொல்கிறது. வார்டில் நீங்கள் காணும் மொட்டைத் தலையும் ஒரே நிறச் சட்டையும் சூழலைக் காட்டும் அழகான ஷாட் இல்லை. அவை கேட்க வேண்டிய கேள்விகள்.

2001 ஆகஸ்ட் 6ஆம் தேதி ஏர்வாடியில் சங்கிலியில் கட்டிப்போடப்பட்டிருந்த 28 மனநோயாளிகள் தீயில் செத்துப்போனார்கள். அதற்கப்புறம் தமிழில் மனநோய் என்றதும் கேமரா முதலில் சங்கிலியைத் தேடுகிறது. சங்கிலி இருக்கும் இடத்தைக் காட்டத்தான் வேண்டும். ஆனால் நோயோடு வேலைக்குப் போகிற, மாத்திரை போட்டுக்கொண்டு பிள்ளைகளுக்குச் சோறு போடுகிற ஆயிரக்கணக்கானவர்கள் நம் படங்களில் எங்கே? 1794இல் தொடங்கிய கீழ்ப்பாக்கம் மருத்துவமனையை நம் சினிமா எத்தனையோ காமெடிக் காட்சிகளில் கேலிக்கு இழுத்திருக்கிறது. அந்தப் பெயரைக் கேட்டதும் சிரிக்கப் பழகிய பார்வையாளர்களுக்குத்தான் நீங்கள் படம் காட்டப் போகிறீர்கள். ஒருவர் முகம் தெரிந்தால் அவர் தங்கைக்கு வரன் தட்டிப் போகலாம், வாடகை வீடு கிடைக்காமல் போகலாம். முகத்தை மறைக்காதே என்ற சோடாவின் கொள்கையை நான் ஏற்கிறேன். ஆனால் அவர் படம் அரங்கில் முழுதாகப் பார்க்கப்படுவதற்காக எடுத்தது. உங்கள் படத்திலிருந்து முப்பது நொடியை யாராவது வெட்டி வாட்ஸ்அப்பில் விட்டால் அந்த மனிதருக்கு என்ன ஆகும் என்பதையும் சேர்த்துச் சொல்லித்தான் சம்மதம் கேட்க வேண்டும். அப்படிச் சொன்ன பிறகு பலர் மறுப்பார்கள். மறுக்கட்டும்.

என் தேர்வு, சோடாவின் சம்மதமும் ஃபிலிபெரின் களமும் சேர்ந்தது. பூட்டிய வார்டில் தொடங்காதீர்கள். வெளிநோயாளிப் பிரிவு, பகல்நேர மையம், நோயாளிகள் மெழுகுவர்த்தியோ பேப்பர் கவரோ செய்யும் தொழிற்கூடம், ஆண்டு விழா நாடகம், இப்படி அவர்கள் தாங்களாக ஏதாவது செய்துகொண்டிருக்கும் இடத்தில் தொடங்குங்கள். கொஞ்ச நாள் கேமரா இல்லாமல் போய் உட்காருங்கள். உங்கள் பெயர் அவர்களுக்குத் தெரிந்த பிறகு கேமராவை எடுங்கள். சிவப்பு விளக்கு எரிந்தால் பதிவாகிறது என்பதைக் காட்டிக்கொடுங்கள், அணைக்கச் சொன்னால் அணையுங்கள்.

சம்மதத்தை ஒரே தடவையில் வாங்கி முடிக்காதீர்கள். நோய் தீவிரமாக இருக்கும் நாளில் கொடுத்த "சரி"யை, தெளிந்த நாளில் மறுபடியும் கேட்க வேண்டும். தெளிந்த நாளில் கொடுத்த "சரி"யைப் படம் முடிந்த பிறகு ஒருமுறை கேட்க வேண்டும். குடும்பத்தாரிடம் பேசுங்கள், ஆனால் அண்ணனோ கணவரோ கொடுக்கும் அனுமதியை நோயாளியின் அனுமதியாக எடுத்துக்கொள்ளாதீர்கள். டாக்டர் பக்கத்தில் நிற்கும்போது கேட்காதீர்கள். மருந்து கொடுப்பவர் முன்னால் மறுப்பது எவருக்கும் கஷ்டம்.

தெபார்தோனின் முறையை இரண்டாவது படத்துக்கு வைத்துக்கொள்ளலாம். நம் சட்டத்திலும் மனநல மறுஆய்வு வாரியங்கள் உண்டு. தன்னை உள்ளே வைத்திருப்பதை எதிர்த்து ஒருவர் முறையிடும் அந்த அறையைத் தமிழில் ஒருவர் அமைதியாகப் படமாக்கினால் அது பெரிய காரியம்.

கடைசியாக, பணத்திலும் நாளிலும் ஒரு பகுதியை எடிட்டிங்குக்குப் பிறகான வேலைக்காக ஒதுக்கிவையுங்கள். இறுதி வடிவத்துக்கு முன்னால், படத்தில் வரும் ஒவ்வொருவரையும் தனித்தனியாக உட்காரவைத்து அவர்கள் வரும் பகுதியைப் போட்டுக் காட்ட வேண்டும். யாராவது இது வேண்டாம் என்றால், உங்கள் படத்தின் மிகச் சிறந்த காட்சி அதுவே என்றாலும், அன்றைக்கே டைம்லைனிலிருந்து எடுத்துவிட்டு, மூலப் பதிவை அழித்ததையும் அவருக்குக் காட்டிவிட்டு வாருங்கள்.